நாலு ரிம்மும் ஒரு தலாக்கும்

எங்கள் தெருவில் ஆண்கள் எதற்கெடுத்தாலும் தலாக் சத்தியம் செய்வார்கள். விருந்தாளி போதும் என்று கையால் மறித்தால், "இன்னொரு துண்டு கறி நீ திங்கலேன்னா எம் பொண்டாட்டி தலாக்!" காப்பிக் கடையில் யார் காசு கொடுப்பது என்று இரண்டு பேர் மல்லுக்கட்டினால் அங்கேயும் ஒரு தலாக். வீட்டில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருப்பவளுக்குத் தன் குடித்தனம் தெருமுனையில் பந்தயப் பொருளாகக் கிடப்பது தெரியவே தெரியாது. இந்தப் பேச்சைக் கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அது ஒருநாள் என் கார் சக்கரத்திலேயே வந்து மாட்டும் என்று நான் நினைக்கவில்லை.

நான் ஸர்கா நகரத்துக்காரி. மகன் பெயரை வைத்து உம் யஸன், அதாவது யஸனின் அம்மா, என்று கூப்பிடுவார்கள். கணவர் அகபா துறைமுகத்தில் வேலை பார்க்கிறார். மாதக் கடைசியில்தான் வீட்டுக்கு வருவார். என்னிடம் ஒரு பழைய ப்ரியஸ் கார் இருக்கிறது. அமெரிக்காவில் எவனோ இடித்துப் போட்டதை இங்கே கொண்டுவந்து நிமிர்த்தி விற்றது. ஊரில் பாதிக் கார்கள் அப்படித்தான். அதில் எங்கள் தெருப் பெண்கள் நான்கு பேரை மஃப்ரக்கில் இருக்கும் பல்கலைக்கழகத்துக்குத் தினமும் கூட்டிப் போய்க் கூட்டி வருகிறேன். ஓட்டுவது ஒரு பெண் என்பதால்தான் நாலு அப்பாக்களும் படிக்க அனுப்புகிறார்கள். நான் நிறுத்தினால் நாலு படிப்பும் நிற்கும். அந்த நால்வரில் ஒருத்தி லுஜைன், என் கணவருடைய அண்ணன் அபூ நாயிஃபின் மகள்.

போன வாரம், முந்தின நாள்வரை இல்லாத ஒரு வேகத்தடை சாலையில் முளைத்திருந்தது. பெயின்ட்டும் இல்லை, பலகையும் இல்லை. வந்த வேகத்தில் அதில் ஏறி விழுந்ததும் ஒரு பக்கத்து ரிம் இரண்டிலும் விரிசல். பிள்ளைகளுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஊர்ந்து ஊர்ந்து வந்து, தெருமுனையில் டயர் கடை வைத்திருக்கும் ஸப்ரியிடம் வண்டியை விட்டேன். நாளைக்கு வந்து நானே ரிம் பார்த்து வாங்குகிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் வீட்டுக்குப் போனேன்.

மறுநாள் போனால் வண்டி நாலு புது ரிம்மோடு நிற்கிறது. கண்ணைப் பறிக்கும் பளபளப்பு. பக்கத்தில் அபூ நாயிஃப் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார், கையில் காப்பி, சுற்றிலும் அவருடைய கூட்டாளிகள். அவருக்கு அரிசிக் கடை. ஆனால் கார் பேச்சு எடுத்தால் காரைக் கண்டுபிடித்தவரே அவர்தான்.

"வா, யா உம் யஸன், வா! ஜெர்மன் கார் ரிம். அஞ்சு ஓட்டை, அஞ்சு போல்ட்டு, அச்சா உக்காந்துருச்சு பாரு!"

"யாரைக் கேட்டு வாங்கினீங்க?"

"தம்பி பொண்டாட்டிக்கு ஒண்ணு செய்ய யாரைக் கேக்கணும்? எம் பொண்ணும் போற வண்டி. சந்தோஷமா ஓட்டு."

கூட்டாளிகள் "மாஷா அல்லாஹ்" என்றார்கள். நான் வாயை மூடிக்கொண்டு வண்டியை எடுத்தேன். தெருவுக்குள் ஒன்றும் தெரியவில்லை. மஃப்ரக் சாலையில் ஏறி எண்பதைத் தொட்டதும் ஸ்டியரிங் நடுங்க ஆரம்பித்தது. வேகத்தைக் கூட்டினால் என் பல்லும் சேர்ந்து நடுங்கியது. அங்கேயே திருப்பிக்கொண்டு வந்தேன்.

"அபூ நாயிஃப், ஸ்டியரிங் ஆடுது."

"உன் கை ஆடியிருக்கும்."

எல்லோரும் சிரித்தார்கள். சிரிக்கட்டும். நானே ஜாக்கியை வைத்து முன்சக்கரம் ஒன்றைத் தூக்கினேன். இப்போதுதான் முடுக்கிய நட்டுகளில் இரண்டு கையாலேயே சுற்றின. சக்கரத்தைக் கழற்றி எல்லோருக்கும் தெரிகிற மாதிரி திருப்பிக் காட்டினேன்.

"நடு ஓட்டையைப் பாருங்க. எங்க வண்டி அச்சு முனையில இருக்குற ஹப்பைவிடப் பெருசு, என் நகம் உள்ள போகுது. ஹப்பு மேல உக்கார வேண்டிய சக்கரம் அஞ்சு நட்டுல தொங்குது. சரி, அந்த நட்டாவது உக்காருதா? ரிம்முல குழி கிண்ணம் மாதிரி இருக்கு, என் நட்டு புனல் மாதிரி இருக்கு. ஓரத்துல ஒரு கோட்டுலதான் பிடிக்குது. அது எத்தனை நாளைக்குப் பிடிக்கும்?"

ஸப்ரி குனிந்து பார்த்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது என்பது முகத்திலேயே தெரிந்தது. ஆனால் அபூ நாயிஃபை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "பேலன்ஸ் மெஷின்ல சரியாத்தான் காட்டுச்சு" என்று முனகினான்.

"மெஷின் நடுவுல ஒரு கூம்பைச் சொருகி இடைவெளியை அடைச்சுப் பிடிக்குது. என் கார்ல கூம்பு எங்கடா இருக்கு?"

அவன் சக்கரத்தை வாங்கி அவசர அவசரமாக மாட்டி முடுக்கினான். "முடுக்காதே. நாலையும் கழட்டு" என்றேன்.

அபூ நாயிஃப் காப்பிக் கோப்பையைத் தரையில் வைத்தார். முகம் சிவந்துவிட்டது. பத்து ஆண்களுக்கு நடுவில் ஒரு பெண், அதுவும் தம்பி மனைவி, அவர் கொடுத்ததை வேண்டாம் என்கிறாள்.

"அலைய்ய தலாக்! இந்த ரிம்முல ஒண்ணு இந்த வண்டியிலேர்ந்து கழண்டாலும் சுரையா எனக்குப் பொண்டாட்டி இல்ல!"

சுரையா அவர் மனைவி, என் ஓரகத்தி. அந்த நேரத்தில் வீட்டில் திராட்சை இலை சுற்றிக்கொண்டிருந்திருப்பாள்.

"சரி. அப்ப இந்த வண்டி நகராது" என்று சாவியைக் கைப்பையில் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன்.

அன்று சாயங்காலத்துக்குள் தெரு முழுக்க என் மேல் பாய்ந்தது. அவர் ஏன் அப்படிச் சொன்னார் என்று ஒரு வாயும் கேட்கவில்லை. "சுரையா குடும்பம் உன் கையிலதான் இருக்கு" என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். வாயை விட்டது அவர், எல்லோரும் பார்ப்பது என் கையையா? அகபாவிலிருந்து என் வீட்டுக்காரரும் போன் செய்தார்.

"ஒரு மாசம் அதுலயே ஓட்டு. மெதுவா ஓட்டு. அப்புறம் அண்ணன் மறந்ததும் மாத்திக்கலாம்."

"ஒரு மாசம் லாரிகளுக்கு நடுவுல நாலு பொண்ணுங்களை வச்சுக்கிட்டா? உங்க அண்ணன் மானம் வந்து நட்டைப் பிடிச்சுக்குமா?"

போனை வைத்த பிறகு அழுதேன். பயத்தில் இல்லை, ஆத்திரத்தில். சுரையா எனக்கு ஒரு கெடுதலும் செய்ததில்லை. யஸன் பிறந்தபோது என் துணியையெல்லாம் துவைத்துப் போட்டவள் அவள். என் பிடிவாதத்தால் அவள் குடும்பம் உடைந்தால் அதை நான் எப்படித் தாங்குவேன்? ஆனால் லுஜைன் பின்சீட்டில் உட்கார்ந்திருக்க அந்தச் சக்கரம் கழன்று ஓடினால் அதை மட்டும் தாங்கிவிடுவேனா?

காலையில் டாக்சி பிடித்து, கார்களை உடைத்து விற்கும் கடைகளுக்குப் போனேன். மடியில் ஸப்ரி கடையிலிருந்து எடுத்துக்கொண்ட, விரிசல் விட்ட பழைய ரிம், கைப்பையில் வீட்டில் உபரியாகக் கிடந்த என் நட்டு ஒன்று, பக்கத்து வீட்டில் கேட்டு வாங்கிய வெர்னியர் அளவுகோல். முதல் கடைக்காரன் என்னை மேலும் கீழும் பார்த்தான்.

"ஹஜ்ஜா, வீட்டுக்காரரைக் கூட்டிட்டு வாங்களேன்."

"நான் இன்னும் ஹஜ்ஜுக்குப் போகல. அவருக்கு டீ குடிக்கத்தான் தெரியும். நீ ரிம்மைக் காட்டு."

காட்டினான். அஞ்சு ஓட்டைதான், ஆனால் ஓட்டைகள் அகன்று நின்றன. என் ரிம்மை அதன்மேல் வைத்ததும் ஒன்றுகூடப் பொருந்தவில்லை. அடுத்த ரிம்மில் ஓட்டைகள் பொருந்தின, நடு ஓட்டை பெரிது. "அதெல்லாம் யாரு பாக்குறா, போல்ட்டு இழுத்துக்கும்" என்றான். "நான் பாக்குறேன்" என்றேன். மூன்றாவதில் ஓட்டையும் நடுவும் சரி. ஆனால் ரிம் ரொம்ப அகலம், சக்கரம் வெளியே பிதுங்கி நின்று, திருப்பும்போதெல்லாம் மட்கார்டில் உரசும்.

"யம்மா, உங்களுக்கு ரிம் வேணுமா, மாப்பிள்ளை வேணுமா?"

"மாப்பிள்ளைன்னா இவ்வளவு பாக்க மாட்டேன். சரியில்லேன்னா விட்டுட்டு வந்துடலாம்."

அவன் வாய்விட்டுச் சிரித்தான். அதற்குப் பிறகு வாதாடுவதை நிறுத்திவிட்டுப் பின்கட்டுக்குக் கூட்டிப் போனான். அங்கே பக்கவாட்டில் நசுங்கிய ஒரு ப்ரியஸ் கிடந்தது. அதே வருடம், அதே அமெரிக்க இறக்குமதி. அதன் ரிம்மின் மேல் என் ரிம்மை வைத்தேன். ஓட்டைக்கு ஓட்டை, விளிம்புக்கு விளிம்பு ஒன்றாக நின்றன. வெர்னியர் நடு ஓட்டைக்கும் அதே அளவைச் சொன்னது. நட்டைக் குழியில் வைத்துச் சுற்றிப் பார்த்தேன், முழுசாகப் படிந்து உட்கார்ந்தது. பிறகு ஒவ்வொரு ரிம்மையும் சிமென்ட் தரையில் உருட்டிவிட்டேன். ஒன்று தள்ளாடியது. அதை ஒதுக்கிவிட்டு வேறு கேட்டேன். பார்க்கச் சகிக்காத கீறல்கள், மங்கிப்போன சாம்பல் நிறம். எனக்கு அவை அழகாகத்தான் தெரிந்தன.

அந்தக் கடையிலேயே டயரும் மாட்டிக்கொண்டு டாக்சியில் ஏற்றி ஸப்ரி கடையில் வந்து இறங்கினேன். அபூ நாயிஃப் முதல் நாள் போலவே அங்கே நாற்காலியில் இருந்தார். ஸப்ரி இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டான்.

"நட்டு மேல நான் கை வைக்க மாட்டேன், யா உம் யஸன். ஒரு பொம்பளை தலாக் ஆன பாவம் என் ஸ்பேனருக்கு வேணாம். வேணும்னா ஸ்பேனர் தர்றேன்."

"தா."

வாங்கி முதல் நட்டில் மாட்டினேன். எதிரே அபூ நாயிஃப் அசையாமல் உட்கார்ந்திருந்தார், நான் அழுத்த மாட்டேன் என்று அவருக்கு அவ்வளவு நம்பிக்கை. உண்மையில் என்னால் அழுத்த முடியவில்லை.

"தள்ளு" என்றது ஒரு குரல்.

சுரையா. லுஜைன் போய்ச் சொல்லியிருக்கிறாள். அபாயாவின் கை விளிம்பில் மாவு ஒட்டியிருந்தது. எல்லோரும் அவள் என் காலைப் பிடித்துக் கெஞ்சப் போகிறாள் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவள் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

"இந்தச் சக்கரத்துல எம் பொண்ணு போனா என்ன ஆகும்?"

"நாளைக்கே ஒண்ணும் ஆகாம இருக்கலாம். ஆனா நட்டு தளர்ந்துக்கிட்டே வரும். ஒருநாள் கழண்டுடும். எந்த நாள்னு எனக்குத் தெரியாது."

சுரையா என் கையிலிருந்து ஸ்பேனரை வாங்கி, அதன் பிடியில் ஒரு காலை வைத்து ஏறி நின்றாள். நட்டு கிறீச்சென்று இளகியது.

அபூ நாயிஃப் துள்ளி எழுந்தார். "சுரையா! நான் என்ன சத்தியம் பண்ணியிருக்கேன்னு தெரியுமா?"

"தெருவே வந்து சொல்லிட்டுப் போச்சு. நீங்க மட்டும்தான் சொல்லல."

"கையை எடு! உன் குடும்பம் போயிடும்!"

"அஞ்சு நட்டுல தொங்குற குடும்பம்னா போகட்டும். சத்தியம் பண்ணினது நீங்க. ஏறி உக்காரப் போறது எம் பொண்ணு."

இரண்டாவது நட்டு, மூன்றாவது நட்டு. அவர் ஓரடி முன்னால் வந்தார், பிறகு நின்றுவிட்டார். குரல் இறங்கிவிட்டது. "கொஞ்சம் பொறு. முஃப்திகிட்ட மார்க்கத் தீர்ப்பு ஒரு வார்த்தை கேட்டுட்டு..."

"கேளுங்க, நல்லாக் கேளுங்க. சத்தியம் முறிஞ்சதுக்குப் பரிகாரமா ஏழைகளுக்குச் சோறு போடச் சொன்னா நீங்களே அடுப்புல நின்னு சமைங்க."

நான் ஜாக்கியால் தூக்கியதும் சக்கரம் அவள் கையோடு வந்தது. அதைத் தரையில் தொப்பென்று போட்டாள். நான் வாய்விட்டு அழுதுகொண்டே, வாங்கிவந்த சக்கரத்தை அந்த இடத்தில் மாட்டிவிட்டு அடுத்த சக்கரத்துக்கு ஜாக்கியைத் தள்ளினேன். அப்போதுதான் ஸப்ரிக்கு வெட்கம் வந்ததோ என்னவோ, இன்னொரு ஸ்பேனரோடு வந்து மண்டியிட்டான்.

மறுநாள் காலை பெண்கள் நால்வரும் பின்சீட்டில் நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள். முன்சீட்டில் சுரையா, மடியில் துணிப்பை. மஃப்ரக்கில் அவள் அண்ணன் வீடு இருக்கிறது. நான் வண்டியைக் கிளப்பும்போது அபூ நாயிஃப் ஓடிவந்து கண்ணாடியைப் பிடித்துக்கொண்டார். ராத்திரி அவர் தூங்கவில்லை என்று பார்த்தாலே தெரிந்தது.

"முஃப்தி இன்னும் பதில் சொல்லல. இறங்கு. வீட்டுல இரு, சுரையா."

"பதில் வர்ற வரைக்கும் நான் உங்க பொண்டாட்டியா இல்லையான்னு எனக்கே தெரியாது. அப்படிப்பட்ட வீட்டுல நான் எப்படி இருப்பேன்? காலை எடுங்க, சக்கரம் ஏறிடும்."

அவர் காலை எடுத்தார்.

ஊரைத் தாண்டி மஃப்ரக் சாலை வந்தது. எண்பது, தொண்ணூறு. ஸ்டியரிங் என் கையில் அசையாமல் இருந்தது. சுரையா ஜன்னலை இறக்கிவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு, என் பக்கம் திரும்பினாள்.

"இன்னும் வேகமாப் போகுமா?"

"போகும்" என்று சொல்லி அழுத்தினேன்.