பக்கத்து மனையில் எழுந்த வீடு

லிஃப்ட் மெக்கானிக் வீட்டுக் கடனுக்கு முதல் தவணை கட்டிய மறுநாள் காலையில், அவன் வீட்டை ஒட்டியிருந்த காலி மனையில் ஓர் அஸ்திவாரம் இருந்தது. யாரும் தோண்டவில்லை. மண் லாரி வரவில்லை, கொத்தனார் வரவில்லை, தெருவில் ஒருவருடைய தூக்கமும் கெடவில்லை. முந்தின நாள் வரை அங்கே களைச்செடிகளும் உடைந்த சிமெண்டுத் தொட்டி ஒன்றும்தான் கிடந்தன. காலையில் அந்தத் தொட்டி ஓரமாக நகர்த்தி வைக்கப்பட்டிருந்தது. அஸ்திவாரத்தின் அளவு தங்கள் வீட்டு அளவேதான் என்பதை முதலில் கண்டுபிடித்தவள் அவன் மனைவி. அவள் சட்டை தைக்கும் தொழிற்சாலையில் துணி வெட்டுகிறவள். கழுத்தில் தொங்கிய நாடாவை எடுத்து நாலு பக்கமும் அளந்தாள். "நம்ம வீடுதாங்க. கண்ணாடியில பார்க்கிற மாதிரி இடது வலது மட்டும் மாறியிருக்கு" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போய்விட்டாள்.

கடன் வாங்கிய விதத்தையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் பின்னால் நடந்தது விளங்காது. வங்கியில் இரண்டு தாள்களைக் காட்டினார்கள். ஒன்றில் பதினைந்து வருடம், மற்றதில் இருபத்தைந்து. மெக்கானிக் இரண்டிலும் மாதத் தவணை என்ற ஒரே ஒரு வரியைத்தான் பார்த்தான். அவன் தொழில் அப்படி. லிஃப்டுக்குள் எட்டு பேர் என்று எழுதியிருந்தால் எட்டு பேர் ஏறலாம், ஒன்பதாவது ஆள் ஏறினால் மணி அடிக்கும். எத்தனை வருடம் ஏறி இறங்குவார்கள் என்று எந்த லிஃப்டிலும் எழுதி வைப்பதில்லை. தன் சம்பளத்தை அவன் ஒரு பெட்டியாக நினைத்துக்கொண்டான். பதினைந்து வருடத் தவணைக்கு மணி அடித்தது, இருபத்தைந்துக்கு அடிக்கவில்லை. கையெழுத்துப் போட்டான். வெளியே வந்ததும் மனைவி மொத்தம் எவ்வளவு ஆகும் என்று கேட்டாள். மொத்தத்தை யார் ஒரே நாளில் கட்டப்போகிறார்கள் என்று அவன் சிரித்தான். அவர்களுக்கு அப்போது சின்ன வயது, மகள் பிறந்து சில மாதங்கள்தான் ஆகியிருந்தன.

ஒவ்வொரு தவணைக்கும் அந்த அஸ்திவாரத்தின் மேல் சுவர் உயர்ந்தது. முதல் வருடத்தில் ஜன்னல் மட்டம் வரை வந்தது, மூன்றாம் வருடத்தில் நிலைக்கதவுகள் நின்றன. ஆரம்பத்தில் கட்டும் பணம் கிட்டத்தட்ட முழுக்க வட்டிக்கே போகும், அசலில் கழிவது சொற்பம் என்பது யாருக்கும் தெரியாத ரகசியம் இல்லை. தெரிந்தவர்கள் வீட்டுப் பக்கத்தில் காலி மனை இல்லாததால் அவர்கள் அதைக் கண்ணால் பார்த்ததில்லை, அவ்வளவுதான். வங்கியிலிருந்து ஓர் அதிகாரி வந்து பார்த்தார். சுவரைத் தட்டிப் பார்த்து, வட்டிதான் இது, நல்ல கட்டுமானம் என்றார். இது வங்கிக்குச் சொந்தமா என்று மனைவி கேட்டதற்கு, நாங்கள் பணம் வாங்குகிறவர்கள், வீட்டை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று சொல்லித் தண்ணீர் குடித்துவிட்டுப் போனார். நகராட்சியிலிருந்து வரி போட வந்தவர் உரிமையாளர் பெயர் கேட்டார். கிடைக்காததால் கதவு எண் தராமலே திரும்பினார்.

நான்காவது வருடம் மனைவி தன் போனஸ் பணத்தை முழுசாகக் கொண்டுபோய் அசலில் கழிக்கச் சொல்லிக் கட்டினாள். அதன் பிறகு வந்த மாதங்களில் பக்கத்து மனையில் வேலை லேசாக மந்தப்பட்டது. எவ்வளவு என்று கேட்டால், நாடா பிடித்துப் பார்த்தால் தெரிகிற அளவு. அவள் பிடித்துப் பார்த்தாள். கணவனைக் கூப்பிட்டுச் செங்கல் வரிசையைக் காட்டினாள். "பாருங்க, போட்டதும் அடங்குது. வருஷா வருஷம் இப்படிப் போட்டா இது கூரை வரைக்கும்கூட வராது." அவன் பார்த்தான், நம்பினான் என்று சொல்ல முடியாது. அடுத்த வருட போனஸில் வாசலுக்கு இரும்புக் கேட் வைத்தார்கள், அதற்கு அடுத்ததில் மெத்தை நாற்காலி வாங்கினார்கள். தவணை ஒழுங்காகப் போகிறதே, மணி அடிக்கவில்லையே என்பது அவன் வாதம். அவளுக்கு ஒரு தடவை அளந்துவிட்டால் போதும், மறுபடி அளக்கச் சொன்னால் கோபம் வரும்.

ஆறாம் வருடம் வட்டி விகிதம் ஏறியது. வங்கியிலிருந்து கடிதம் வந்தது: உங்கள் தவணையில் மாற்றம் இல்லை, காலம் மட்டும் நீட்டிக்கப்படுகிறது. மெக்கானிக் அதைப் படித்துவிட்டு வங்கிக்காரர்களுக்கும் மனசாட்சி இருக்கிறது என்றான். அந்த வாரமே பக்கத்து வீட்டுக் கூரையில் கம்பிகள் நீட்டிக்கொண்டிருந்தன. விகிதம் மறுபடியும் ஏறியது, அதே மாதிரி இன்னொரு கடிதம் வந்தது, மாடிக்குப் படிக்கட்டு முளைத்தது. மனைவி வாசலில் நின்று அண்ணாந்து பார்த்து, "நமக்கு மாடி இல்ல. அதுக்கு இருக்கு" என்றாள்.

தவணை போக மிஞ்சிய சம்பளம் போதவில்லை. மெக்கானிக் சாயங்கால டியூட்டி கேட்டு வாங்கினான். லிஃப்டுகள் சாயங்காலத்தில்தான் அதிகம் மக்கர் பண்ணும். அலுவலகம் விட்டு எல்லோரும் ஒரே நேரத்தில் இறங்குவார்கள், வீட்டுக்குப் போகிற அவசரத்தில் கதவைக் காலால் தடுப்பார்கள். மற்றவர்கள் சீக்கிரம் வீடு போய்ச் சேருவதற்காக அவன் தினமும் தாமதமாகப் போனான். ஞாயிற்றுக்கிழமைகளில் இரட்டைச் சம்பளம், அதையும் விடவில்லை. இப்படி ஒரு நாள் அவன் ஏதோ ஒரு கட்டடத்தின் உச்சியில் மோட்டார் அறைக்குள் கிரீஸ் கையோடு இருந்தபோது, பக்கத்து வீட்டில் முதல் தடவையாக விளக்கு எரிந்தது. மனைவி எட்டிப் பார்த்தாள். உள்ளே அவள் கணவன் கைலியோடு உட்கார்ந்து ரேடியோவுக்குப் பேட்டரி மாற்றிக்கொண்டிருந்தான்.

அவள் பதறவில்லை. அவன் திரும்பி வந்ததும் சோறு போட்டுக்கொண்டே, "சாயங்காலம் அந்த வீட்ல இருந்தீங்க" என்றாள். அவன் டியூட்டிச் சீட்டைக் காட்டினான். அவள் சீட்டைப் பார்த்துத் தலையாட்டினாள். இரண்டுமே உண்மையாக இருந்ததால் சண்டைக்கு இடம் இல்லாமல் போயிற்று. இவன் விற்ற சாயங்காலங்கள் எங்கும் தொலைந்துபோகவில்லை, கட்டிய பணத்தோடு சேர்ந்து அங்கே போய்க் குடியிருந்தன. மெக்கானிக்குக்கு இதைப் புரிந்துகொள்வதில் சிரமம் இருந்திருக்கக் கூடாது. ஒவ்வொரு லிஃப்டுக்கும் சுவருக்குப் பின்னால் ஓர் எதிர் எடை உண்டு. பெட்டி இறங்க இறங்க அது ஏறும், ஏறுகிறவர்கள் யாரும் அதைப் பார்ப்பதில்லை. அவன் வாரத்துக்கு நாலு எதிர் எடைகளுக்கு எண்ணெய் போடுகிறவன். ஆனாலும் தன் வீட்டு விஷயத்தில் அவனுக்கு அது உறைக்கவில்லை.

மகள் இரண்டு வீட்டிலும் வளர்ந்தாள். சைக்கிள் ஓட்டக் கற்றுக்கொடுத்தது அந்த அப்பா, சைக்கிள் வாங்கிக் கொடுத்தது இந்த அப்பா. பெருக்கல் வாய்ப்பாட்டை ஒப்பித்தது அங்கே, காய்ச்சல் மருந்துக்குப் பணம் இங்கே. பள்ளிக்கூடத்தில் அப்பாவைப் பற்றி எழுதச் சொன்னபோது எந்த அப்பா என்று கேட்டாள். டீச்சர் அம்மாவைக் கூப்பிட்டு அனுப்பினார். மனைவி போய் விளக்கமாகச் சொன்னதும் டீச்சர் தன் வீட்டுப் பக்கத்திலும் ஒரு மனை இருக்கிறது என்று மட்டும் சொன்னார். மெக்கானிக்குக்கு இதெல்லாம் ஒரு வகையில் நிம்மதியாகக்கூட இருந்தது. பிள்ளை தனியாக இல்லை, பார்த்துக்கொள்ள ஆள் இருக்கிறது, அதுவும் வெளி ஆள் இல்லை.

பத்தாவது வருடம் மனைவி வங்கிக்குப் போய் மிச்சம் எவ்வளவு என்று கேட்டுவந்தாள். பத்து வருடம் கட்டியும் அசலில் ஐந்தில் ஒரு பங்குகூடக் கழியவில்லை. அவள் மெத்தை நாற்காலியில் உட்காராமல் நின்றுகொண்டே ஒரு யோசனை சொன்னாள். இதை விற்றுக் கடனை அடைத்துவிடலாம், தொழிற்சாலை பக்கத்தில் இரண்டு அறை வாடகைக்குக் கிடைக்கிறது, சாயங்காலம் வீட்டுக்கு வாருங்கள். அவன் அவளை நிமிர்ந்து பார்த்தான். சொந்த வீட்டை விட்டுவிட்டு யாராவது வாடகைக்குப் போவார்களா என்றான். "இன்னும் கொஞ்ச நாள் பல்லைக் கடிச்சுக்கிட்டா நம்மளுது ஆயிடும்." அவள் ஜன்னல் வழியாகப் பக்கத்து வீட்டைப் பார்த்துக்கொண்டு, "அது இப்பவே நம்மளுதுதான். நம்மளாலதான் உள்ள போய் இருக்க முடியல" என்றாள்.

வருடங்கள் போயின. மகள் படித்து முடித்து வேலை கிடைத்து வேறு ஊருக்குப் போனாள். போகும்போது இரண்டு வீட்டிலும் சொல்லிக்கொண்டாள். அங்கே அழுதாள், இங்கே காலைத் தொட்டுக் கும்பிட்டாள். அவள் போன பிறகு வீட்டில் சத்தமே இல்லை. மனைவி தொழிற்சாலையிலிருந்து வருவாள், ஒரே ஒரு விளக்கை மட்டும் போடுவாள், சுவருக்கு அந்தப் பக்கம் ரேடியோ பாடுவதைக் கேட்டுக்கொண்டு காய் நறுக்குவாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் மருத்துவமனை லிஃப்ட் இரண்டு மாடிக்கு நடுவில் நின்றுவிட்டதாக மெக்கானிக்குக்கு அழைப்பு வந்தது. அவன் பையை எடுத்தான்.

"இன்னைக்குப் போகாதீங்க" என்றாள் மனைவி.

டபுள் சம்பளம், தவணை தேதி நெருங்குகிறது என்றான் அவன். அவள் சட்டைக் காலர் அளவு சொல்கிற மாதிரி, "அந்த வீட்ல இருக்கறவர் போகமாட்டார்" என்றாள்.

அவன் திரும்பி வந்தபோது சாப்பாடு மூடி வைத்திருந்தது. வழக்கமாக ஆணியில் தொங்கும் அவளுடைய நாடா அங்கே இல்லை. பக்கத்து வீட்டுச் சமையலறையில் அவள் நின்றுகொண்டிருந்தாள். அவன் காம்பவுண்டுச் சுவருக்கு இந்தப் பக்கம் நின்று எப்போது வருவாய் என்று கேட்டான். அவள் கையைத் துடைத்துக்கொண்டு ஜன்னலுக்கு வந்தாள். முகத்தில் கோபம் இல்லை.

"நான் எங்கயும் போகலீங்க. உங்ககூடத்தான் இருக்கேன். சாம்பாரைச் சூடு பண்ணிக்குங்க."

தெருவில் வம்பு பேசுகிறவர்களுக்கும் இதில் வாய் திறக்க வழியில்லை; ஒருத்தி தன் புருஷனோடு குடித்தனம் பண்ணுவதில் என்ன வம்பு இருக்கிறது. மெக்கானிக் தனியாகச் சமைக்கப் பழகினான். துவைத்த சட்டைகளைத் தானே மடித்தான். சாயங்கால டியூட்டியை விட்டுவிடலாம் என்று ஒரு தடவை தோன்றியது, ஆனால் விட்டால் தவணைக்கு எங்கே போவது. அதோடு அவன் போகாத நாட்களில் பக்கத்து வீட்டில் அவன் இருக்கமாட்டான், அவள் தனியாக உட்கார்ந்திருப்பாள் என்று ஒரு கணக்கும் மனசுக்குள் ஓடியது. இது சரியான கணக்கா என்று யாருக்கும் தெரியாது. அவன் போனான், ஒரு நாள் விடாமல் போனான்.

இருபத்தைந்து வருடம் என்று கையெழுத்துப் போட்டது முப்பத்தொன்றில் முடிந்தது. வங்கியில் ஓர் இளம்பெண் வீட்டுப் பத்திரங்களைக் கோப்போடு கொடுத்தாள். மெக்கானிக் அன்றைக்குத்தான் முதல் தடவையாக மொத்தம் எவ்வளவு என்று கேட்டான். அவள் கணினித் திரையை அவன் பக்கம் திருப்பினாள். திரையைப் பார்த்து அவளே கொஞ்சம் சங்கடப்பட்டு, "இதுல இன்னொரு மாடி வீடே வாங்கியிருக்கலாம் சார்" என்றாள்.

"வாங்கியிருக்கேம்மா."

"அப்படியா? வாடகைக்கு விட்டிருக்கீங்களா?"

"இல்ல. என் சம்சாரம் அங்கதான் இருக்கா."

அவள் சிரித்து, ரசீதில் முத்திரை குத்தினாள். மெக்கானிக் பத்திரக் கட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நேராகப் பக்கத்து வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டினான். அத்தனை வருடத்தில் அவன் அங்கே போனது அதுதான் முதல் தடவை. கதவைத் திறந்தவனுக்கு அவன் முகமேதான், நரைகூட அதே இடத்தில்தான். விரல்களில் மட்டும் இரும்புக் கயிறு கிழித்த தழும்புகள் இல்லை. வாங்க, உட்காருங்க என்று மரியாதையாகச் சொல்லி நாற்காலியைத் துடைத்துப் போட்டான். இடது வலது மாறியிருந்ததால் மெக்கானிக் சுவரில் ஒரு தடவை இடித்துக்கொண்டான். சுவர் முழுக்க மகளின் படங்கள். எதை எடுத்ததும் அவனுக்கு நினைவில் இல்லை. மனைவி மூன்று கோப்பைகளில் டீ கொண்டுவந்து வைத்து உட்கார்ந்தாள். ஆண்கள் இரண்டு பேரும் மழை வருமா என்று பேசினார்கள். பிறகு மற்றவன் தோட்டத்துக்குத் தண்ணீர் விடவேண்டும் என்று எழுந்து போனான். போகவேண்டிய அவசியம் இருந்ததாகத் தெரியவில்லை.

மெக்கானிக் பத்திரக் கட்டை மனைவியின் மடியில் வைத்தான். "கடன் தீர்ந்துடுச்சு. இனிமே சாயங்காலம் வீட்லதான் இருப்பேன். வந்துடு."

அவள் பத்திரத்தைப் பிரித்து, நான்கு எல்லை எழுதியிருந்த பக்கத்தில் விரலை வைத்து மெதுவாகப் படித்தாள். மூடித் திரும்பக் கொடுத்தாள். "சந்தோஷமா இருக்குங்க, நிஜமா. ஆனா இங்க இருபது வருஷத்துக்கு மேல சேர்ந்த சாயங்காலம் இருக்கு. அங்க இன்னைக்குத்தான் முதல் சாயங்காலம்." அவன் தலை குனிந்திருந்ததைப் பார்த்து, சட்டைக் கையில் பிரிந்திருந்த நூலைப் பல்லால் கடித்து எடுத்துவிட்டாள். "நாளைக்கு வர்றேன். கொஞ்ச நேரம் உட்கார்றேன்."

சொன்னபடி மறுநாள் வந்தாள். அதற்குப் பிறகும் தினமும் வருகிறாள். ஒரு டீ ஆறும் நேரம் வாசல் படியில் அவனோடு உட்கார்ந்து தொழிற்சாலையில் யார் ரிடையர் ஆனார்கள் என்று சொல்வாள், மகள் போன் பண்ணியதைச் சொல்வாள், பிறகு கோப்பையைக் கழுவி வைத்துவிட்டுக் கிளம்புவாள். வாரம் போகப் போக டீ ஆறுவதற்குக் கொஞ்சம் கூடுதல் நேரம் ஆவதாக மெக்கானிக்குக்குத் தோன்றுகிறது. நாடா அவளிடம் இருப்பதால் அவன் அளந்து பார்க்கவில்லை. அவள் போனதும் அவன் தன் விளக்கை அணைத்துவிடுவான். பக்கத்து வீட்டில் மாடி விளக்குவரை எரியும், ரேடியோ பாடும். அந்த வீட்டுக்கு இன்னும் கதவு எண் கிடையாது, ஆகையால் அதன் மின்கட்டணச் சீட்டும் இவன் வாசலிலேயே போடப்படுகிறது. அவன் இரண்டையும் எடுத்துக்கொண்டு போய்க் கட்டிவிட்டு வருகிறான்.