கண்ணாடிக் காட்சி இல்லாத படம்

"லிப்ஸ்டிக் போடுற ஷாட் எங்க?" என்று சேனல் அதிகாரி கேட்டதும் படக்காரிக்கு உச்சந்தலை வரை சூடேறியது. ஆறு நாள் உயிரைக் கொடுத்து எடுத்த ஆவணப்படம். அதில் வருபவள் ஒரு லிஃப்ட் மெக்கானிக். பிறப்புச் சான்றிதழில் ஆண். பதினோரு வருடமாக ஊரறியப் பெண். சம்மதிக்கும்போதே ஒரே நிபந்தனைதான் போட்டாள்: என் வேலையை எடுங்க, என் கண்ணீரை எடுக்காதீங்க. படக்காரியும் பலமாகத் தலையாட்டியிருந்தாள்.

அதனால் படம் முழுக்க கிரீஸ், கம்பிவடம், பிரேக். நாலாவது மாடியில் லிஃப்டுக்குள் சிக்கிய குடும்பத்தை அவள் வெளியே எடுத்தபோது, நன்றி சொல்ல வேண்டிய மனிதர், "கம்பெனியில ஆம்பள யாரும் இல்லையா?" என்று கேட்டதும் இருந்தது. அதிகாரிக்கு அதெல்லாம் சப்பென்று இருந்ததாம். இந்த மாதிரி ஆட்கள் கண்ணாடி முன்னால் உட்கார்ந்து அழுதால்தான் ஜனங்கள் பார்ப்பார்களாம். என்ன திமிர் பாருங்கள்! தன் வீட்டுப் பெண் அழுவதை இவர் டிவியில் போடுவாரா?

போதாக்குறைக்கு, கூட இருந்த எடிட்டர், படத்தில் சேர்க்காத ஒலிப்பதிவு ஒன்று இருக்கிறது என்று வாயைவிட்டுப் போட்டும் காட்டினார். ஒரு மத்தியான இடைவேளையில், காலரில் மாட்டிய மைக்கைக் கழற்ற மறந்திருந்தார்கள். கையெல்லாம் கிரீஸ் என்பதால் மெக்கானிக் போனை ஸ்பீக்கரில் போட்டு, படியோரம் தனியாக அம்மாவிடம் பேசியிருந்தாள். தங்கச்சி கல்யாணத்துக்கு வராதே, வந்தாலும் சொந்தம் என்று யாரிடமும் சொல்லாதே என்றாள் அம்மா. பிறகு மெக்கானிக்கின் அழுகை. அதிகாரி நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"இதுதாம்மா படம். இது இல்லேன்னா ஒளிபரப்பு இல்ல."

நாக்கைப் பிடுங்கிக்கொள்ளும்படி நாலு கேள்வி கேட்டுவிட்டு, இருந்த ஒரே ஹார்ட் டிஸ்க்கையும் எடுத்துக்கொண்டு படக்காரி நேராக மெக்கானிக்கிடம் போனாள்.

மொட்டைமாடி மெஷின் ரூமில் நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள், கொஞ்சம் பெருமையோடுதான். அந்த ஒலிப்பதிவைக் கண் முன்னாலேயே அழித்துவிடுவதாகச் சொல்லி லேப்டாப்பைத் திறந்தாள். மெக்கானிக் ஸ்பானரைக் கீழே வைத்தாள்.

"மைக்கை மறந்தீங்க, சரி. அப்ப உங்க காதுல ஹெட்போன் இருந்துச்சுல்ல?"

"இருந்துச்சு."

"நாங்க பேசினது கேட்டுச்சா?"

பொய் சொல்லிவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியது. "முழுசா கேட்டேன்."

"ஏன் கழட்டல?"

படக்காரிக்குத் தன்மேலேயே வெறுப்பு வந்தது. "படத்துக்கு நல்லா இருந்துச்சு," என்றாள் கடைசியில்.

"அந்த ஆளும் அதைத்தானே சொன்னாரு? நீங்க அவர் மேல கோபப்பட்டு வந்துட்டீங்க. நான் யார் மேல கோபப்படுறது?"

படக்காரி அந்தப் பதிவை அழித்தாள். அழிந்து முடியும்வரை மெக்கானிக் திரையிலிருந்து கண் எடுக்கவில்லை.

"மிச்சத்தையும் அழிச்சிடுங்க."

அது வேலையை எடுத்ததுதானே, அதில் தப்பாக ஒன்றுமில்லையே என்று படக்காரி கெஞ்சிப் பார்த்தாள். மெக்கானிக் பக்கத்தை விட்டு நகரவில்லை. ஆறு நாள் படம் அழிய ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை.