அடுக்களைக் கல்லும் ஆற்றின் வழியும்

குன்றுகளின் மடியில் சுரந்து, தோப்புகளை நனைத்து, உப்பு மணக்கும் தாழ்நிலத்தில் நடை தளர்ந்து, கடலைக் கண்டதும் நாணியவள்போல் முகந்திருப்பி, அந்நாளில் தெற்கே வளைந்தோடிய சிற்றாறு ஒன்று உண்டு. அவ்வளைவில், ஆற்றுக்கும் கடலுக்கும் நடுவே கிடந்த ஒடுங்கிய மணற்கரையில், படகுத்தச்சன் ஒருவனுடைய வீடும் பட்டறையும் ஒரே கூரையின்கீழ் நின்றன. கோடையில் ஆள் நடந்தே கடந்துவிடும் இந்த ஆற்றை எள்ளாதீர், படிப்போரே. ஓர் ஊரையே ஊட்டி வளர்த்தது அது.

அவ்வீட்டின் அடுக்களை நடுவே, முழங்கால் உயரத்தில், கயிறு அறுத்த வடுக்களோடு ஒரு கல் நின்றது. முன்னொரு காலத்தில் ஆறு நேரே அவ்விடத்தில்தான் கடலிற் கலந்தது. படகுகளைக் கட்டிவைத்த கல் அது. மணல் மூடி ஆறு தெற்கே ஒதுங்கியபின், தச்சனின் பாட்டன் அவ்வெற்றிடத்தில் வீடு கட்டியபோது, பெயர்க்க வராத கல்லைச் சுற்றியே சுவரெழுப்பிவிட்டான். நாள்தோறும் அதில் முழங்காலை இடித்துக்கொண்ட தச்சன் மனைவி, "உங்க வீட்டாளுங்க அடுப்படியிலதான் படகக் கட்டிப் போடுவாங்களோ?" என்று கணவனைச் சீண்டாத நாளில்லை.

அவ்வாண்டு மழை ஓயவில்லை. தெற்கே ஆறு கடல் சேரும் வாயை அலைகள் மணலால் அடைத்துவிட, போக வழியற்ற வெள்ளம் ஊருக்குள் திரும்பிற்று. அவ்வடைப்பை ஊரார் வெட்ட வெட்ட அலை மீண்டும் மூடியது. விடியும்போது தாழ்ந்த தெருக்களில் குழந்தைகளைக் கூரைமேல் ஏற்றியிருந்தார்கள். ஆறும் கடலும் மிக நெருங்கிய இடம் தச்சனின் அடுக்களை ஒன்றே; அங்கே வெட்டினால்தான் வெள்ளம் கடலுக்கு வடியும். ஊரார் மண்வெட்டிகளோடு வந்து வாயிலில் நின்றார்கள். ஆயினும் அவ்வீட்டை இடிக்க எவருக்கும் மனம் வரவில்லை. பட்டறையில், அப்போதுதான் கட்டி முடித்த பெரும்படகு வேறு கிடந்தது.

தச்சன், தான் பிறந்த வீட்டின் சுவரைத் தடவியபடி மனைவியைப் பார்த்தான்.

"இத இடிச்சுட்டா நாம எங்க போறது?"

"படகுல படுத்துக்கலாம். கடப்பாரைய இங்க குடுங்க," என்றாள் மனைவி. "இந்த அடுப்படி மேல எனக்குப் பழைய கணக்கு ஒண்ணு இருக்கு."

"அண்ணி, அடுப்ப அணைச்சீங்களா?" என்றான் மண்வெட்டியோடு வந்த கொழுந்தன்.

"அத ஆறு பாத்துக்கும்."

முதல் அடி அவளுடையது. பின்பு ஊரே கூடி வெட்டியது. நூலிழையாய் நுழைந்த நீர் மணலை அரித்துப் பெருகி, சுவரைச் சாய்த்து, கூரையை வாரிக்கொண்டு, முழங்கியபடி கடலில் பாய்ந்தது. மிதந்தெழுந்த படகு அலையை நோக்கி இழுபடவே, அதைக் காக்க முன்பே ஏறியிருந்த தச்சன் கயிற்றை வீசினான். கரையிலிருந்த அவன் மனைவி இடுப்பளவு நீரில் இறங்கி, அதைக் கல்லின் பழைய வடுவிலேயே சுற்றி இறுக்கினாள். கல் அசையவில்லை. படகு நின்றது.

"அடுப்படியில படகு கட்டியாச்சு," என்று அவள் மூச்சிரைக்கச் சொல்ல, அழுதுகொண்டிருந்த தச்சன் சிரித்துவிட்டான்.

உச்சிப்பொழுதில் தெருக்கள் தலைகாட்டின, குழந்தைகள் கூரைவிட்டிறங்கினர். மேட்டில் புது வீடு கட்டித்தர முன்வந்த ஊராரிடம் அவள் ஒன்றே கேட்டாள்: "அடுப்படியில கல்லு மட்டும் வேணாம்."

ஆறு தன் வழியை மறப்பதில்லை. அவ்வழியை மனமுவந்து விட்டுக்கொடுத்தவர்களை ஊரும் மறக்கவில்லை. இன்றும் அக்கழிமுகத்தில் நுழையும் எப்படகும் முதலில் கயிறு வீசுவது, ஒருகாலத்தில் சோறு பொங்கிய இடத்தில் நிற்கும் அந்தக் கல்லுக்குத்தான்.