வத்திப்போற தண்ணி

1

இந்தக் கதை எங்கே இருந்து வந்ததுன்னு முதல்லயே சொல்லிடறேன். பின்னால நீங்க கேட்டு நான் மழுப்ப வேண்டாம். ஒரு பஸ்ல இருந்து வந்தது.

தொண்ணூத்தி ஒன்பது டிசம்பர். விரிஞ்சிபுரத்துல ஒரு பள்ளிக்கூடத்துல எனக்கு டீச்சர் வேலை. சாயங்காலம் ஆம்பூர்ல இருந்து வர்ற பஸ்ல ஏறி உக்காந்தேன். பக்கத்து ஜன்னல் சீட்ல ஒரு பொண்ணு. கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகியிருக்காது, தாலிச் சங்கிலி இன்னும் புதுசா மின்னுது. காலுக்கு நடுவுல ஒரு வெள்ளை பிளாஸ்டிக் கேன், மூடியைச் சுத்தி பாலிதீன் கவரைக் கட்டி வெச்சிருக்கா. கண்டக்டர் பார்த்துட்டார்.

"இன்னாமா அது, கிருஷ்ணாயிலா? பஸ்ல ஏத்தக் கூடாது தெரியுமில்ல?"

"தண்ணிண்ணா."

"தண்ணியா? ஆம்பூர்ல இருந்தா?"

பஸ்ஸே சிரிச்சிடுச்சு. அவ சிரிக்கல. ரெண்டு முழங்காலாலயும் கேனை இறுக்கிக்கிட்டா.

ஏன் சிரிச்சாங்கன்னு வெளியூர்க்காரங்களுக்கு ஒரு வரி. தோல் பதனிடற டேனரிங்க இருக்கிற பக்கம் சில தெருக்கள்ல கழிவு எறங்கின கெணத்துத் தண்ணியை வாயில வைக்க முடியாது. உப்பு. உப்புக்கு அடியில ஒரு கசப்பு. அதனால நல்ல தண்ணி அந்தத் தெருவுக்குள்ள போகும், லாரியில, சைக்கிள் கேரியர்ல, இடுப்புல. அங்கிருந்து ஒருத்தர் தண்ணியைத் தூக்கிட்டு வெளியே வர்றதை நான் அன்னிக்குத்தான் பார்த்தேன்.

ஏன்னு கேக்கல. கேட்டிருந்தா இந்தக் கதைக்கே வேலை இல்ல. அவ சத்துவாச்சாரியில இறங்கி, கேனை இடுப்புல வெச்சிக்கிட்டு ரோட்டைத் தாண்டினா. நான் ராணிப்பேட்டை வரைக்கும் அதையே யோசிச்சிக்கிட்டுப் போனேன். இனி வர்றதெல்லாம் அந்த யோசனைதான், உண்மை இல்ல.

2

முதல் ஆரம்பம்:

*ஜெனிஃபா வாழ்க்கைப்பட்டு வந்த வீட்டில் எல்லாம் இருந்தன, நல்ல தண்ணீர் உட்பட, ஆனால்*

வேணாம். முதல் வரியிலயே மூட்டையை அவுத்துக் கொட்டிட்டேன்.

ரெண்டாவது ஆரம்பம்:

*சர்க்கரை முதலில் கரையும். பிறகு கொதிக்கும். பிறகு, நாம் பயந்து அடுப்பை அணைக்கப் போகிற நேரத்தில், மணலாகும்.*

இது தேவலை. இதைப் பிடிச்சிக்கிட்டுப் போவோம்.

*வாணலியில் சர்க்கரையும் ஒரு டம்ளர் தண்ணீரும். கொதி வந்ததும் முந்திரி, பாதாம், வேர்க்கடலை. கை ஓயாமல் கிளற வேண்டும். தண்ணீர் வற்ற வற்றப் பாகு இறுகும். ஒரு கட்டத்தில் சட்டென்று பூத்து, பருப்பின் மேலெல்லாம் வெள்ளை வெள்ளையாக ஒட்டிக்கொள்ளும். புதிதாகச் செய்கிறவர்கள் கெட்டுப்போய்விட்டது என்று இங்கேதான் அழுவார்கள். அழாமல் தீயைக் குறைத்துக் கிளறினால் அந்த மணல் மறுபடியும் உருகும், தேன் நிறத்தில். அப்போது சுக்கு, ஏலக்காய், பட்டை, துளி மிளகு, எல்லாம் பொடித்தது. நெய் தடவிய தட்டில் கொட்டி, சூடு ஆறுவதற்குள் ஒன்றோடொன்று ஒட்டாமல் பிரித்துவிட வேண்டும்.*

(மணல், உருகறது, ஓடறதுன்னு வந்ததும் எங்க ஊர்ப் பாலாற்றை உள்ளே இழுக்க எனக்குக் கை துறுதுறுக்குது. வேணாம். எங்க பக்கம் பேனா பிடிக்கிற எல்லாரும் அதைத்தான் இழுக்கறாங்க. அது பாவம், வெயில்ல காய்ஞ்சு கெடக்கு, விட்டுடுவோம்.)

3

ஆளுங்களைச் சொல்லணும். மூணே பேர்தான், பயப்படாதீங்க.

ஜெனிஃபா, ஆம்பூர்ப் பொண்ணு. பஸ்ல பார்த்தவளுக்கு நான் வெச்ச பேர். அவ அம்மா ஆரோக்கியமேரி, கிறிஸ்துமஸ் வந்தா இந்தப் பருப்பைச் செஞ்சு தெருவுக்கே குடுக்கறவங்க. மாமியார் தேவகிருபை, முப்பது வருஷம் நர்ஸா இருந்து ரிட்டையர் ஆனவங்க. (புருஷன் ஒருத்தன் இருக்கான், இன்பசேகரன். வந்து போவான்.)

மாமியார்னதும் நிமிர்ந்து உக்காந்துட்டீங்க. எனக்கும் அந்த ஆசை வந்துச்சு. *தேவகிருபை உதட்டைச் சுழித்து* ன்னு ஆரம்பிச்சேன். அந்தம்மா சுழிக்க மாட்டேன்னுட்டாங்க. மருமகளை அவங்களுக்கு அவ்வளவு பிடிக்கும். வந்த புதுசுல ஜெனிஃபா அம்மா ஞாபகத்துல மூலையில உக்காந்து அழுதப்போ, பக்கத்துல வந்து உக்காந்து தலை பின்னிவிட்டவங்க.

கல்யாணமாகி நாலஞ்சு மாசத்துல அந்தம்மாவுக்கு வயித்துல கட்டின்னு தெரிஞ்சுது. ஆபரேஷன் ஆச்சு. மருந்து ஏத்தினாங்க. முடி போனதுக்கு அவங்க கவலைப்படல. நாக்கு போனதுதான் கஷ்டம்.

"எதைப் போட்டாலும் பேப்பர் மெல்றாப்ல இருக்குமா. கோச்சுக்காத ஜெனி, உன் சமையல்ல ஒன்னும் இல்ல. என் வாயிலதான் யாரும் இல்ல."

இட்லி அப்படியே திரும்பி வரும், கஞ்சி ஆடை கட்டித் திரும்பி வரும். ஒடம்பு வத்திக்கிட்டே போச்சு. சாப்பிட்டுக் கொஞ்சம் தேறினாத்தான் அடுத்த மருந்து ஏத்த முடியும்னு டாக்டர் சொல்லிட்டார். ஏத்தலன்னா என்னன்னு அவர் சொல்லல, அந்த வீட்டுல யாரும் கேக்கவும் இல்ல.

அப்பதான் ஒரு நாள் ஆரோக்கியமேரி சம்பந்தியைப் பார்க்க வந்தாங்க, ஒரு டப்பா பருப்போட. மரியாதைக்கு ஒன்னை எடுத்து வாயில போட்ட தேவகிருபை மெல்றதை நிறுத்தினாங்க. கண்ணு பெரிசாச்சு. இன்னொன்னு எடுத்தாங்க. அப்புறம் ஒரு கை.

"இதுல ஏதோ இருக்கு. நாக்குல நிக்குது பாரேன்!"

ரெண்டு நாள்ல டப்பா காலி. கூடவே கொஞ்சம் சோறும் உள்ளே போச்சு. இன்பசேகரன் பாத்ரூம்ல போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதான். ஜெனிஃபா, "நானே செஞ்சு தர்றேன் அத்தை, இதென்ன பெரிய விஷயம்"னு சொல்லிட்டா.

4

பெரிய விஷயமாத்தான் போச்சு.

அதே சர்க்கரை, அதே கடை முந்திரி, அதே சுக்கு. நல்லாத்தான் வந்துச்சு, பளபளன்னு. தேவகிருபை ஒன்னை மென்னாங்க. "நல்லாருக்கும்மா"ன்னாங்க. தட்டை நகர்த்தி வெச்சிட்டாங்க. அடுத்த தடவை உப்பு சேர்த்துப் பார்த்தா. உப்பு தனியா கரிச்சுது. அதுக்கடுத்த தடவை மிளகைக் கூட்டினா, இருமல்தான் வந்துச்சு.

கடைசியில ஆம்பூர்ல பக்கத்து வீட்டு போனுக்கு அம்மாவைக் கூப்பிட்டா. ஆரோக்கியமேரி முதல்ல இருந்து சொல்லச் சொல்லிக் கேட்டுக்கிட்டே வந்தாங்க.

"எல்லாம் சரிதான்டி. தண்ணி எது ஊத்தின?"

"எதுன்னா? குடிக்கிற தண்ணிதான்."

"அட லூசு! குடிக்கிற தண்ணியை யாராவது பாகுக்கு ஊத்துவாங்களா? ஒரு கொடத்துக்கு நான் தெருமுனையில எவ்ளோ நேரம் நிக்கிறேன்! கெணத்துத் தண்ணிதான் ஊத்துவேன். எப்படியும் வத்திப்போறதுதானே?"

ஜெனிஃபா போனை வெச்சா. தண்ணிதான் வத்தும். தண்ணியில இருந்தது எங்கே போகும்?

(எனக்கும் இங்கேதான் உறைச்சுது. நான் ஒன்னும் கெமிஸ்ட்ரி டீச்சர் இல்ல, தமிழ். ஆனா எங்க வீட்டு வெந்நீர் அண்டாவைத் தேய்ச்சிருக்கேன். அடியில வெள்ளையா என்ன ஒட்டியிருக்கும்னு எனக்குத் தெரியும்.)

5

இந்தப் பகுதியை எடுத்துட்டேன். புருஷன் பொண்டாட்டி சண்டை, நல்லா வரல. அவன் சொன்ன ஒரே ஒரு வரியை மட்டும் விட்டு வைக்கிறேன், அது பின்னால வேணும்:

"காய்ச்சி ஆறவெச்சதைத் தவிர வேற தண்ணி அம்மா வாயில படக் கூடாது. புரியுதா ஜெனி?"

6

அம்மாவையே செஞ்சு அனுப்பச் சொல்லலாமேன்னு கேக்கறீங்க. நியாயம். ஆனா எங்கே செஞ்சாலும் தண்ணி அதேதானே? தெரியறதுக்கு முன்னாடி குடுத்தது வேற. தெரிஞ்சப்புறம், வர்ற பாவம் தன் கையோட போகட்டும்னு அவ நெனச்சா. அம்மா வீட்டுக்குப் போய் ஒரு கேன் மொண்டுக்கிட்டா. நான் பஸ்ல ஏறினேன். நாங்க ரெண்டு பேரும் பக்கத்துப் பக்கத்துல உக்காந்தோம்.

அவ தூங்கினா. ஜன்னல் கம்பியில நெத்தி இடிக்க இடிக்க, நல்ல தூக்கம். அவ கனவை நான் எழுதலாமா? எழுதறேன், யார் தடுக்கப் போறா.

*கிணற்றுக்குள் படிகள் இருக்கின்றன. ஜெனிஃபாவுக்குத் தெரிந்து அந்தக் கிணற்றில் படியே கிடையாது. தேவகிருபை வெள்ளை யூனிஃபார்மில், தலை நிறைய முடியோடு, ஒவ்வொரு படியாக இறங்குகிறாள். கையில் எவர்சில்வர் டம்ளர். அடியில் மாலை வெயில் எப்படியோ வந்து கிடக்கிறது. குனிந்து மொண்டு குடிக்கிறாள். ஜெனிஃபா மேலே இருந்து, வேணாம் அத்தை, வேணாம் என்று கத்துகிறாள். சத்தம் வரவில்லை. தேவகிருபை வாயைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து பார்க்கிறாள். இன்னா உப்புடி இது, என்று சிரிக்கிறாள். கன்னம் உப்பியிருக்கிறது, பழைய போட்டோவில் இருக்கிற மாதிரி. இன்னொரு டம்ளர் மொள்கிறாள்.*

 

7

*மத்தியானம். இன்பசேகரன் ஆபீசுக்குப் போயிருக்கிறான். ஜெனிஃபா இரண்டு தடவை செய்தாள். ஒன்று வீட்டுத் தண்ணீரில், ஒன்று கேன் தண்ணீரில். இரண்டு தட்டு. நிறத்தில் வித்தியாசமே இல்லை. இரண்டிலும் ஒவ்வொன்று எடுத்து மென்று பார்த்தாள். முதலாவது இனித்துவிட்டுப் போய்விட்டது. இரண்டாவதில் இனிப்புக்குப் பின்னால் ஒன்று மெதுவாக வந்து, நாக்கின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு, போகமாட்டேன் என்றது.*

இப்போ முடிவு. எங்கிட்ட சிலது இருக்கு.

கேன் தண்ணிப் பருப்பைக் குடுக்கறா. அந்தம்மா சாப்பிட்டுத் தேறி, அடுத்த மருந்தை ஏத்திக்கறாங்க. இதை ஒரே மூச்சுல எழுதினேன். அவ்வளவு சந்தோஷமா இருந்துச்சு, அதனாலயே எனக்கு இது மேல சந்தேகம்.

குடுக்கறா. மறுநாள் அந்தம்மாவுக்கு வாந்தி. மருந்தாலயா, பருப்பாலயா? எந்த டாக்டராலயும் சொல்ல முடியாது. ஜெனிஃபா ஆயுசுக்கும் ஒரு பதிலைத்தான் நம்புவா.

கேன் தண்ணிப் பருப்பைக் குப்பையில கொட்டிட்டு நல்லதைக் குடுக்கறா. தேவகிருபை ஒன்னை மென்னு, "நல்லாருக்கும்மா"ன்னு சொல்லி, மீதியைத் தலையணைக்கு அடியில

இதுக்கு மேல எழுத முடியல. விடுங்க.

"உண்மையைச் சொல்லிடேன்டி"ன்னு நீங்க சொல்றது காதுல விழுது. சொல்லலாம். சொன்னா அந்தம்மா தொட மாட்டாங்க. முப்பது வருஷம் வார்டு வார்டாப் போய், தண்ணியைக் காய்ச்சிக் குடிங்கன்னு சொன்ன வாய் அது. தண்ணி எதுன்னு தெரிஞ்சா, நாக்குல கடைசியா மிஞ்சின ருசியும் போயிடும்.

ஒரு டம்ளர் தண்ணி, ஒரு கைப் பருப்புல என்ன பண்ணிடும்? "நான் தின்னுதானே வளந்தேன்?"னு ஜெனிஃபா தனக்குத்தானே கேட்டுக்கறா. அவளுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. தெரியாததை ஒரு நோயாளிக்கு ஊட்ட அவளுக்கு மனசு வரல, ஊட்டாம இருக்க அதைவிட மனசு வரல.

8

இத்தோட நிறுத்திடலாம்னு பேனாவை மூடினேன். நடு ரூம்ல கட்டில் கிரீச்சுன்னுச்சு.

*சுவரைப் பிடித்துக்கொண்டு தேவகிருபை வந்தாள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு அவள் சமையலறைப் பக்கம் வந்ததே இல்லை. தலையில் கட்டியிருந்த துணி ஒருபக்கம் சரிந்திருந்தது. வாசற்படியில் நின்று மூச்சு வாங்கினாள்.*

*"இன்னா அத்தை, கூப்பிட்டிருந்தா நான் வந்திருப்பேன்ல?"*

*"கரண்டி சுரண்டற சத்தம் கேட்டுச்சு." கொஞ்சம் வெட்கப்பட்ட மாதிரி சிரித்தாள். "பசிக்குது ஜெனி."*

*அந்த வார்த்தையை அவள் வாயால் கேட்டு எத்தனையோ நாள் ஆயிற்று. தேவகிருபை மேடையைப் பார்த்தாள். ஒரு தட்டைப் பார்த்தாள், இன்னொரு தட்டைப் பார்த்தாள். குழந்தை மாதிரி கையை நீட்டினாள்.*

*"ரெண்டு தட்டு வெச்சிருக்க. எது எனக்கு?"*

ஜெனிஃபா என்னைத் திரும்பிப் பார்க்கறா. நான் உங்களைப் பார்க்கறேன். சீக்கிரம் சொல்லுங்க. அந்தம்மாவால ரொம்ப நேரம் நிக்க முடியாது.