மத்தி மீன் சண்டை

எர்சிலியாவும் அவள் தங்கை அசுந்தாவும் பேசி ஏழு வருடம் ஆயிற்று. காரணம், அம்மா விட்டுப்போன செம்பு அண்டா. அசுந்தா அதைத் தன் வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். துறைமுகச் சந்தையில் எதிரெதிரே உட்கார்ந்து மீன் விற்றுக்கொண்டு ஏழு வருடம் வாய் திறக்காமல் இருக்க எவ்வளவு வீம்பு வேண்டும்! அந்தக் குடும்பத்தில் அதற்குப் பஞ்சமே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை எர்சிலியாவின் மகளுக்குக் கல்யாணம். சித்தி வராமல் மாதா கோவில் படி ஏறமாட்டேன் என்று பெண் ஒற்றைக்காலில் நிற்கிறாள். தங்கையைக் கூப்பிட எர்சிலியாவுக்கும் ஆசைதான். வாய்தான் வரவில்லை.

அந்த வாரம் பார்த்து ரோமிலிருந்து சினிமாக்காரர்கள் வந்து இறங்கினார்கள். சிரிப்புப் படமாம். மீன்காரிகள் சண்டைக்கு ஆள் கேட்டபோது, ஊரே இந்த இருவரைக் கைகாட்டியது.

"வசனம் என்னங்க?" என்றாள் எர்சிலியா.

"வசனமெல்லாம் எதுக்கும்மா? ஒண்ணு, ரெண்டுன்னு எண்ணுங்க, போதும். குரலை அப்புறம் ரோம்ல வேற ஆள் குடுப்பாங்க. வாய் அசையணும், கை ஆடணும்!" என்றார் இயக்குநர்.

கேமரா ஓடியது.

"ஒண்ணு!" எர்சிலியா ஒரு மத்தி மீனை ஓங்கினாள்.

"ரெண்டு!" அசுந்தா இடுப்பில் கை வைத்தாள்.

மூன்று, நான்கு என்று சண்டை சூடு பிடித்தது. "ஏழு" என்று சொன்னதும் எர்சிலியா எண்ணுவதை நிறுத்திவிட்டுத் தங்கையைப் பார்த்தாள்.

"நிறுத்தாதீங்க! எதையாவது பேசுங்க, படத்துல கேக்கவா போகுது!" என்று கத்தினார் இயக்குநர்.

கேட்காதா? அது போதும் அவளுக்கு.

"ஏழு வருஷமாடி! ஒரு அண்டாவுக்காக! ஞாயித்துக்கிழமை உன் அக்கா மக கல்யாணம். வரியா, இல்லையாடி?"

"கூப்பிட்டாத்தானே வர்றதுக்கு! உடுப்புத் தச்சு ஒரு மாசமாச்சு, தெரியுமா உனக்கு?"

"அந்த அண்டாவையும் தூக்கிட்டு வாடி! நூறு பேருக்கு மக்ரோனி வேகணும்!"

"கொண்டு வரேன், போ!"

"பிரமாதம்! இன்னும் கோபமா!" என்று குதித்தார் இயக்குநர். இரண்டு பேருக்கும் கண்ணீர் வழிந்தது. மத்தி மட்டும் ஓங்கியபடியே இருந்தது.

அடுத்த கோடையில் சந்தைத் திடலில் திரை கட்டிப் படம் போட்டார்கள். திரையில் எர்சிலியா யாரோ ஒரு ரோமாபுரிக்காரியின் கட்டைக்குரலில், "உன் மீனும் நாறுது, மூஞ்சியும் நாறுது!" என்று சீறினாள். திடலே விழுந்து விழுந்து சிரித்தது.

அசுந்தா அக்காவின் காதில் சாய்ந்தாள். "அண்டாவைத் தூக்கிட்டு வரச் சொன்ன இடம்தானே இது?"

"ஆமாடி."

"கல்யாணம் முடிஞ்சு வருஷமாகப் போகுது. எப்பக்கா திருப்பித் தருவே?"

எர்சிலியா திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னாள்: "ஒண்ணு, ரெண்டு, மூணு..."