கிராணியார் வீட்டுச் சொல்

1986ஆம் ஆண்டு மார்ச் மாதத்து வியாழக்கிழமை ஒன்றில், மாலை ஏழரை மணி தாண்டிச் சில நிமிடங்களில், சுங்கை பினாங் அடுக்குமாடியில் நான்காவது மாடிக்காரர் விஸ்வலிங்கத்தின் வாயிலிருந்து ‘ஓம்’ என்ற சொல் நிரந்தரமாகப் போய்விட்டது. அன்று மழை இல்லை. பசாரில் கெம்போங் மீன் மலிவு. தொலைக்காட்சியில் ஒரு நடிகர் ‘ஓம், ஓம்’ என்று தலையாட்டிக்கொண்டிருந்தார். ரசம் போதுமா என்று மனைவி கனகேஸ்வரி கேட்டதற்கு விஸ்வலிங்கம் ‘ஆமா’ என்றார். யாழ்ப்பாணத்துத் தாய் தகப்பனுக்குப் பிறந்த அந்த மனுஷன், ஐம்பத்திரண்டு வயது வரை அதற்கு ‘ஓம்’ என்பாரே தவிர ‘ஆமா’ என்று சொன்னதே இல்லை. கனகேஸ்வரி அகப்பையைக் கீழே வைத்துவிட்டு அவர் முகத்தைப் பார்த்தாள்.

காரணம் தெரிய ஏழு வருஷம் பின்னால் போகவேண்டும். விஸ்வலிங்கம் துறைமுகத்தில் கிராணி, அதாவது கணக்கெழுதும் குமாஸ்தா. அவருடைய சிநேகிதர் அர்ஜுனனுக்குக் கடலுக்கு அக்கரையில் மாக் மண்டினில் இரும்புப் பட்டறை வேலை. கோயில் திருவிழாக்களுக்குச் சிரிப்பு நாடகம் எழுதுவது உபரி. ஞாயிறுதோறும் ஃபெரி ஏறி வந்து, கனகேஸ்வரியின் இடியப்பத்தையும் சொதியையும் ஒரு கட்டு கட்டிவிட்டு, விஸ்வலிங்கம் கதைப்பதைக் கேட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பார். அந்தச் சிரிப்பிலிருந்து, விஸ்வலிங்கத்தின் பேச்சை வைத்து அர்ஜுனன் எழுதி, 1979இல் ‘கெதியா வாரும் கிராணியார்’ என்று ஒரு படமே வந்தது. ஈப்போவிலும் கிள்ளானிலும்கூடக் கூட்டம் அள்ளியது. விஸ்வலிங்கம் ஏழு தடவை பார்த்தார். அப்போது அவர் வாயிலிருந்து ஒரு சொல்லும் குறையவில்லை என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

படத்துக்கு முன்பே கனகேஸ்வரி ஒரு சத்தியம் வாங்கியிருந்தாள். கல்யாணமான நாள் முதல் விஸ்வலிங்கம் அவளைப் பெயர் சொல்லி அழைத்ததில்லை. பெயர் அடையாளக் கார்டுக்கு மட்டும்தான். வீட்டில் ‘இஞ்சாருமப்பா’ என்பார். இங்கே பாரும் என்று அர்த்தம். கடைசியில் வரும் அப்பா தகப்பன் அல்ல, யாழ்ப்பாணத்துப் புருஷன் பெண்சாதிக்கு வைக்கும் செல்லம். முதல்முறை அதைக் கேட்ட அர்ஜுனன், “என்னண்ணே, பொண்டாட்டியப் போயி அப்பாங்கிறீங்க!” என்று தரையில் உருண்டு சிரித்தார். கனகேஸ்வரிக்குச் சிரிப்பு வரவில்லை. “தம்பி, மற்றதெல்லாத்தையும் எடுங்கோ. இதை மட்டும் விடுங்கோ. எனக்கெண்டு இருக்கிறது இது ஒண்டுதான்” என்றாள். அர்ஜுனன் தண்ணீர்மலை முருகன் மேல் சத்தியம் செய்தார். படத்திலும் காப்பாற்றினார்.

பிறகுதான், 1986இல், படத்தைத் தொலைக்காட்சியில் வியாழக்கிழமைதோறும் வரும் நாடகமாக்கினார்கள். முதல் வாரம் போனதுதான் ‘ஓம்’. இரண்டாவது வாரம், சீக்கிரம் என்பதற்கு அவர் சொல்லும் ‘கெதியா’ போயிற்று. மூன்றாவது வாரம், பைத்தியம் என்று ஏசும் ‘விசர்’ போனதால் விஸ்வலிங்கத்துக்குச் சரியாகக் கோபப்படவும் முடியவில்லை. அழகைச் சொல்லும் ‘வடிவு’ போனதற்கு மறுநாள் வெள்ளிக்கிழமை, கோயிலில் அம்மன் அலங்காரத்தைப் பார்த்து என்ன சொல்வதென்று தெரியாமல் கும்பிட்டுவிட்டுத் திரும்பினார். கீழே டிவி ரிப்பேர் கடை வைத்திருந்த ஹபீப் முகம்மதுவுக்கு இதில் குழப்பமே இல்லை. “படம்னா ரெண்டரை மணி நேரம்லா. முடிஞ்சதும் சொல்லு வீட்டுக்கு வந்துரும். இது வாராவாரம் வருது, அதுக்குத் திரும்பிவர ஏதுக்கா நேரம்?” என்று கனகேஸ்வரியிடம் சொன்னார். அவள் டிவியை மூடச் சொன்னாலும் விஸ்வலிங்கம் கேட்கவில்லை. ஃபெரியில் முன்பின் தெரியாதவர்கள், “நீங்கதானே அந்தக் கிராணி?” என்று கை குலுக்கினார்களே, அந்த ருசி யாரை விட்டது! போகிறவை போகட்டும், சத்தியம் இருக்கிறது என்று கனகேஸ்வரி மனதைத் தேற்றிக்கொண்டாள்.

பதின்மூன்றாவது வியாழக்கிழமை அவள் அடுப்படியில் தேங்காய் பிழிந்துகொண்டிருந்தாள். “இஞ்சாருமப்பா” என்று கூடத்திலிருந்து குரல் வந்தது. மெதுவாக, முடிவில் சற்றே இழுத்து, அதே மாதிரி. “என்னப்பா?” என்று ஈரக்கையோடு ஓடிவந்தாள். கூப்பிட்டது நடிகர். பெட்டிக்குள் ஒரு கூட்டமே கொல்லென்று சிரித்தது. விஸ்வலிங்கம் நாற்காலியில் வாயைத் திறந்து திறந்து மூடினார், காற்றுதான் வந்தது. அன்றிரவு ‘கனகேஸ்வரி’ என்று அழைத்துப் பார்த்தார். அலுவலகத்தில் ஆள் கூப்பிடுவது போலிருந்தது. அவள் திரும்பவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அவளே ஃபெரி ஏறினாள். உண்ட வீட்டுக்கு இரண்டகம் செய்தவனை நாலு வார்த்தை கேட்காமல் விடுவதில்லை என்று வழியெல்லாம் பல்லைக் கடித்துக்கொண்டு போனாள். அர்ஜுனன் அவளைக் கண்டதும் அழுதார். “நான் கேக்கலக்கா. டிவிக்காரங்க, சிரிப்பு பத்தல, பதிமூணு வாரத்தோட நிறுத்துறோம்னாங்க. நானும் சரின்னுட்டேன். அண்ணேதான் லெட்டர் போட்டாரு. அவரே குடுக்கிறாரேன்னு நானும் எழுதிட்டேன்க்கா.” கடிதத்தை எடுத்து நீட்டினார். துறைமுகத்துத் தாள். முத்து முத்தான கிராணிக் கையெழுத்து. சொல்லை எழுதி, கீழே கோடு போட்டு, பக்கத்தில் குறிப்பும் எழுதியிருந்தது: ‘மெதுவாகச் சொல்லவும். முடிவில் சற்றே இழுக்கவும்.’ அட பாவி மனுஷா! வேலியே பயிரை மேய்ந்திருக்கிறது. கனகேஸ்வரி அந்தக் குறிப்பை மூன்று முறை வாசித்துவிட்டு, கடிதத்தை மடித்து அர்ஜுனனிடமே கொடுத்தாள்.

வீட்டுக்கு வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் கேட்டாள். “நீங்களோ குடுத்தனீங்கள்?”

விஸ்வலிங்கத்திடம் அதற்கு ஒரே ஒரு சொல்தான் மிச்சம் இருந்தது. “ஆமா” என்றார்.

அவள் அழுதாள், ஏசினாள், மூன்று நாள் சமைக்கவில்லை. இதெல்லாம் எல்லா வீட்டிலும் நடப்பதுதான். நாடகம் நிற்கவில்லை, அந்தச் சொல்லின் புண்ணியத்தில் மேலும் ஐந்து வருஷம் ஓடி, அதன் பிறகு மறுஒளிபரப்பும் ஆனது. பாயான் பாரு தொழிற்சாலைப் பெண்கள் கேன்டீனில் ஒருத்தியை ஒருத்தி இஞ்சாருமப்பா என்று கூப்பிட்டுச் சிரித்தார்கள். விஸ்வலிங்கம் ஓய்வுபெற்றார். ஃபெரியில் இப்போது யாரும் அவரோடு கை குலுக்கவில்லை. அவர் பேச்சு மற்ற எல்லோருடைய பேச்சையும் போல ஆகிவிட்டிருந்தது.

கனகேஸ்வரி மட்டும் வியாழக்கிழமைகளில் ஏழரை மணிக்கு முன்பே முகம் கழுவிப் பொட்டு வைத்துக்கொள்வாள். பெட்டியிலிருந்து குரல் வந்ததும், “என்னப்பா?” என்று கேட்டபடி வந்து, இஞ்சி தட்டிப் போட்ட தேத்தண்ணியைத் தொலைக்காட்சிக்கு முன்னால் வைப்பாள். விஸ்வலிங்கம் அதைத் தொடுவதில்லை, ஆனாலும் அரை மணி நேரத்தில் குவளை காலியாகிவிடும். அவள் அதைக் கழுவிக் கவிழ்த்து வைப்பாள். விஸ்வலிங்கம் எழுந்து போய்த் தன்னுடைய தேத்தண்ணியைத் தானே ஊற்றிக்கொள்வார்.