இறக்கக்கோணம்

"செத்தாலும் உன் முகத்துல முழிக்க மாட்டேன்" என்று தன் அண்ணனான என் கணவரிடம் சொல்லிவிட்டுக் கிளம்பிய கொழுந்தனார், போய்க் குடியேறியது எதிர்க்கட்டடத்தின் நான்காவது மாடியில். ஜன்னலை ஒரு நாளும் திறந்ததில்லை. இவரும் சளைக்கவில்லை, அன்றிலிருந்து அந்த ஜன்னலுக்கு முதுகைக் காட்டித்தான் சாப்பிட உட்காருவார்.

போன மாதம் கொழுந்தனார் இறந்துபோனார். "கடைசிவரைக்கும் திரும்பிக்கூடப் பார்க்கலையே, பாவி" என்று இவர் ஓயாமல் புலம்பினார். தூக்கம் போயிற்று.

மகளுக்கு முக்கோணவியலில் வீட்டுப்பாடம். பாகைமானியில் ஒரு ஸ்ட்ராவை ஒட்டி, நூலில் இரும்பு நட்டு ஒன்றைத் தொங்கவிட்டு, சாப்பாட்டு மேசையிலிருந்தே சித்தப்பாவின் ஜன்னலைக் குறி பார்த்தாள். அடைத்த ஜன்னலில் ஒரு கறுப்புக் கோடு தெரிகிறதாம்.

"நாற்பத்தஞ்சு டிகிரிப்பா! டேன் நாற்பத்தஞ்சு, ஒண்ணு. எதிர்ப்பக்கமும் அடுத்துள்ள பக்கமும் சமம். அந்தச் சுவர் எவ்வளவு தூரமோ, ஜன்னல் நம்ம கண்ணுக்கு மேல அவ்வளவு உயரம். ஏறாமலே அளந்துட்டேன்!"

"சாப்பாடு ஆறுது. அது எத்தனை டிகிரின்னும் பாரு" என்றார் இவர், திரும்பாமல்.

"போங்கப்பா. இது ஏற்றக்கோணம். மேலேருந்து பார்த்தா இறக்கக்கோணம். ரெண்டும் ஒரே அளவுதான். நாம பார்க்கிற கோட்டுலதான் அதுவும் நம்மைப் பார்க்கும்."

"அதுவும்னா எதுடி?" என்றேன். இவர் எடுத்த கவளம் வாய்க்குப் போகவில்லை.

மறுநாள் அறையைக் காலி செய்ய மூவரும் போனோம். ஜன்னல் கதவில் வரிசையாகப் பொருத்திய மரப்பட்டைகள் எல்லாம் இறுக மூடியிருக்க, ஒன்றை மட்டும் கீழ்நோக்கிச் சாய்த்து ஆணி அடித்திருந்தது. அதன் முன்னால் ஒரு நாற்காலி. உட்கார்ந்து உட்கார்ந்து மெத்தை குழிந்திருந்தது. மகள் அந்தப் பட்டையின் சாய்வோடு ஸ்ட்ராவை வைத்தாள். நூல் ஆடி ஆடி நின்றது. நாற்பத்தைந்து.

இவர் நாற்காலியில் உட்கார்ந்து இடுக்கில் கண் வைத்தார். கீழே எங்கள் மேசை. இவர் வழக்கமாக உட்காரும் நாற்காலியின் முதுகு.

"சொன்ன சொல் மாறலை பாரு" என்றார். "முகத்துல முழிக்கலை. என் முதுகைப் பார்த்தே காலத்தை ஓட்டியிருக்கான்."

மகள் ஆணியைப் பிடுங்கப் போனாள். வேண்டாம் என்று தடுத்துவிட்டார்.

அன்று சாயங்காலம் நாற்காலியை மேசையின் எதிர்ப்பக்கம் இழுத்துப் போட்டு, ஜன்னலைப் பார்த்து உட்கார்ந்தார். "இப்பப் பாருடா" என்றார், யாரையோ சாப்பிடக் கூப்பிடுவதுபோல.

நான் தட்டைவிட்டு நிமிரவில்லை. எந்தக் கோணத்தில் நிமிர வேண்டும் என்பது இப்போது எனக்குத் தெரியும்.